சாவு வீட்டில் கேட்க வேண்டிய முதல் கேள்வி

(தோட்டத் தலைவர்கள், மாதர் அணித் தலைவிமாருக்கான பயிற்சி வகுப்பில், தோட்டப் பாடசாலை ஆசிரியையும் சங்க அமைப்பாளருமான தோழியர் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்.)

துணி துவைக்கவும் விறகு பொறுக்கவும் டவுனுக்குப் போகவும் உங்களுக்கு ஒரு ஞாயிற்றுக்கிழமைதான் கிடைக்கிறது. அந்த நாளையும் சங்கத்துக்குக் கொடுத்திருக்கிறீர்கள். அதனால் சுற்றி வளைக்காமல் விஷயத்துக்கு வருகிறேன்.

போன வகுப்பு முடிந்து தேத்தண்ணி குடித்துக்கொண்டிருந்தபோது ஒரு தலைவி என்னிடம் கேட்டார்: "டீச்சர், கூடலூர்ல இருக்குற எங்க சொந்தக்காரங்க போன்ல சொன்னாங்க. அங்க கவர்மென்டு வேலையில இருந்தவர் செத்துட்டா வீட்டுல ஒருத்தருக்கு வேலை குடுக்குறாங்களாம். இங்க நம்ம ஆளுங்களுக்கு ஏன் அது இல்ல?"

நல்ல கேள்வி. அன்றைக்கு நின்ற நிலையில் பதில் சொல்ல முடியவில்லை. இன்றைக்கு எனக்குக் கொடுத்திருக்கும் நேரம் முழுவதும் அந்தக் கேள்விக்குத்தான்.

கூடலூரில் என்ன நடக்கிறது?

1964ஆம் ஆண்டு சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தத்துக்குப் பிறகு நம் உறவுகள் இலட்சக்கணக்கில் இந்தியாவுக்குப் போனார்கள். அப்படிப் போனவர்களுக்கு வேலை கொடுப்பதற்காகவே தமிழ்நாடு அரசாங்கம் 1968இல் நீலகிரியில் ஒரு தேயிலைத் திட்டத்தைத் தொடங்கியது. அதுதான் பிறகு டான்டீ என்ற அரசுக் கம்பனியானது. கூடலூர், கோத்தகிரி, வால்பாறைப் பக்கமெல்லாம் நம் சித்தப்பா பிள்ளைகளும் மாமன் மச்சான்மாரும் இருக்கிறார்கள். அங்கே நடப்பது நம் காதுக்கு வருவது அதனால்தான்.

இந்தியாவில் அந்த வேலைக்கு "கருணை அடிப்படையில் பணி நியமனம்" என்று பெயர். அரச ஊழியர் ஒருவர் வேலையில் இருக்கும்போதே இறந்துபோனால், அவரை நம்பியிருந்த குடும்பத்தில் ஒருவருக்குக் கீழ்மட்டப் பதவி ஒன்று கொடுப்பார்கள். பரீட்சை, போட்டி இல்லாமல் கொடுப்பார்கள். ஆனால் எல்லோருக்கும் கிடைத்துவிடாது. டில்லி அரசாங்கம் நேரடியாக ஆள் எடுக்கும் கீழ்மட்டப் பதவிகளில் நூற்றுக்கு 5க்கு மேல் இப்படிக் கொடுக்கக்கூடாது என்பது விதி. தமிழ்நாட்டில் இறந்த நாளிலிருந்து 3 வருடத்துக்குள் விண்ணப்பம் போட வேண்டும். விண்ணப்பம் போட்டுவிட்டு வருடக்கணக்கில் காத்திருக்கும் குடும்பங்களும் அங்கே உண்டு.

இதைப் பற்றி அந்த நாட்டு உச்ச நீதிமன்றம் 1994இல் ஹரியானா மாநில வழக்கொன்றில் ஒரு முக்கியமான தீர்ப்புச் சொன்னது. அதன் சாரம் இதுதான். அரச வேலை அப்பன் பிள்ளைக்கு எழுதிவைக்கும் சொத்து இல்லை. சம்பாதித்தவர் திடீரென்று போய்விட்டார், அடுப்பு அணையப் போகிறது, அந்த நெருக்கடியைத் தாண்டிவிடக் குடும்பத்துக்குக் கைகொடுப்பதற்குத்தான் இந்த ஏற்பாடு. நெருக்கடியெல்லாம் தாண்டிப் பல வருடம் கழித்து வந்து, எனக்கு வர வேண்டிய வேலை என்று கேட்க முடியாது.

இன்னொரு தீர்ப்பும் பெண்களாகிய நாம் தெரிந்துகொள்ள வேண்டியது. கல்யாணம் முடித்த மகளுக்கு இந்த வேலை இல்லை, கல்யாணம் முடித்த மகனுக்கு உண்டு என்று கர்நாடகத்தில் ஒரு விதி இருந்தது. அது பாகுபாடு, செல்லாது என்று கர்நாடக உயர் நீதிமன்றம் 2020இல் சொன்னது. தாலி ஏறியதும் மகள் குடும்பத்தில் இல்லாதவளாகிவிடுவாளா என்பதுதான் அந்த வழக்கின் கேள்வி.

ஆக, கூடலூர்ச் சொந்தக்காரர் சொன்னது உண்மைதான். ஆனால் அந்த ஏற்பாட்டின் அடியில் இருப்பது "வேலை யாருக்கு?" என்ற கேள்வி இல்லை. "இந்தக் குடும்பம் அடுத்த மாதம் எதைச் சாப்பிடும்?" என்ற கேள்வி. இதை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

நம் நாட்டில் அரச ஊழியர் குடும்பத்துக்கு என்ன?

நான் தோட்டப் பாடசாலையில் படிப்பித்தாலும் அரச ஊழியர். என் சம்பளத்திலிருந்து மாதாமாதம் ஒரு தொகையை விதவைகள், தபுதாரர்கள், அநாதைகள் ஓய்வூதியத்துக்குப் பிடிக்கிறார்கள். நாளைக்கு எனக்கு ஏதாவது ஆகிவிட்டால் என் கணவருக்கும் பிள்ளைகளுக்கும் அந்த ஓய்வூதியம் போகும். இந்த ஏற்பாடு வெள்ளைக்காரன் காலத்தில், 1898ஆம் ஆண்டின் 1ஆம் இலக்கக் கட்டளைச் சட்டத்தில் தொடங்கியது. அப்போது விதவைகளுக்கும் அநாதைகளுக்கும் மட்டும்தான். ஒரு பெண் ஊழியர் இறந்தால் அவர் கணவருக்கும் உண்டு என்று சட்டம் வர 1983 ஆகிவிட்டது. 85 வருடம்!

இதில் கவனிக்க வேண்டியது, இங்கே பிள்ளை வேலைக்குப் போனால்தான் சோறு என்ற கட்டாயம் இல்லை. ஆசிரியர் இறந்தால் மகள் அடுத்த நாள் கரும்பலகை முன்னால் வந்து நிற்க வேண்டியதில்லை. அவள் படிக்கலாம். மாதம் ஒரு தொகை வீட்டுக்கு வரும். அது பெரிய தொகை என்று நான் சொல்லவில்லை. ஆனால் முடிவெடுக்க அந்தக் குடும்பத்துக்கு ஒரு அவகாசம் கிடைக்கிறது.

இப்போது தோட்டத்துக்கு வருவோம்.

நம்மிடமும் ஒரு "நியமனம்" இருக்கிறது

தலைவி கேட்டாரே, நம்மளுக்கு ஏன் இல்லை என்று. உண்மையைச் சொன்னால், செத்தவர் வேலையைப் பிள்ளைக்குக் கொடுக்கும் வழக்கம் இந்த நாட்டில் வேறு எங்கேயும் விட நம் தோட்டங்களில்தான் பழையது. கருணை என்று அதற்குப் பெயர் வைக்கவில்லை. "பேர் போடுறது" என்று சொல்கிறோம், அவ்வளவுதான்.

அப்பாவோ அம்மாவோ செத்துப்போகிறார். எட்டாம் நாள் காரியம் முடிவதற்குள் வீட்டில் ஆரம்பிக்கிற பேச்சு என்ன? "பேரை யாருக்குப் போடுறது?" மூத்தவனுக்குக் கொழும்பில் கடை வேலை. இரண்டாவது பெண் பதினோராம் தரம். சின்னவன் ஆறாம் தரம். அப்போது எல்லோருடைய கண்ணும் அந்தப் பெண்ணின் மேல் போய் நிற்கும். முப்பத்தோராம் நாள் வரும்போது அவள் பெயர் செக்ரோலில் இருக்கும். என் வகுப்பில் அவள் கதிரை காலியாக இருக்கும்.

நான் வீடு தேடிப் போய்க் கேட்டிருக்கிறேன். "படிக்கிற புள்ளைய ஏன் அக்கா நிப்பாட்டுனீங்க?" என்றால் தாய்மார் சொல்லும் பதில் பெரும்பாலும் ஒன்றுதான். "காம்பரா போயிருமே டீச்சர்." தோட்டத்தில் பேர் இல்லாவிட்டால் லயத்துக் காம்பராவிலிருந்து எழுப்பிவிடுவார்கள் என்ற பயம். சாப்பாட்டைவிட அந்தப் பயம்தான் பெரிது.

அந்தத் தாய்மாரை நான் குறை சொல்லவில்லை. நூற்றைம்பது வருடத்துக்கு மேலாக இந்தத் தோட்டங்களில் வேலையும் கூரையும் ஒரே முடிச்சில் கட்டப்பட்டிருக்கின்றன. 1972லும் 1975லும் காணிச் சீர்திருத்தத்தில் தோட்டங்களை அரசாங்கம் எடுத்தபோதும் அந்த முடிச்சு அவிழவில்லை. அப்போது நம் அப்பா அம்மாமார் அரசாங்கத் தோட்டத்தில் வேலை செய்தார்கள், ஆனால் ஓய்வூதியம் உள்ள அரச ஊழியராக ஆகவில்லை. 1992இல் தோட்டங்கள் கம்பனிகளின் கைக்குப் போனபோதும் முடிச்சு அப்படியே கைமாறியது.

அந்தப் பெண்ணுக்குக் கிடைத்தது என்ன என்று கணக்குப் பாருங்கள். அரச வேலையில் கருணை நியமனம் கிடைத்தவருக்கு மாதச் சம்பளம், ஓய்வூதியம், பதவி உயர்வு எல்லாம் உண்டு. நம் பிள்ளைக்குக் கிடைப்பது நாட்சம்பளம். வேலை கொடுக்கும் நாளுக்குத்தான் சம்பளம். அப்பாவின் இருபத்தைந்து வருட சேவையும் அவளுக்கு வராது, அவள் ஒன்றாம் நாளிலிருந்துதான் எண்ண வேண்டும். சாதாரண தரம் எழுதாதவள் என்ற குறை மட்டும் ஆயுள் முழுவதும் கூட வரும்.

பிள்ளையின் வயதையும் பாருங்கள். இப்போது 16 வயது வரை பாடசாலைக் கல்வி கட்டாயம். 16 வயதுக்குக் குறைந்த பிள்ளையை வேலைக்கு வைப்பது சட்டப்படி குற்றம். "பேரை அப்புறம் போடுவோம், இப்ப கைக்காசுக்கு வரட்டும்" என்று எந்தக் கணக்கப்பிள்ளை சொன்னாலும் தலைவர் அதற்குத் தலையாட்டக்கூடாது.

வீட்டிலுள்ள மனைவியோ, வயது வந்த மகனோ மகளோ தாங்களாக விரும்பித் தோட்டத்தில் வேலை கேட்டால் அது வேறு விஷயம். அவர்களுக்குப் பேர் போட்டுக் கொடுக்கச் சங்கம் பேசும், பேசித்தான் வருகிறோம். நான் சொல்வது பயத்தில் எடுக்கும் முடிவைப் பற்றி. அந்தப் பயம் ஏன் வருகிறது? செத்தவரின் கணக்கில் அந்த வீட்டுக்கு எவ்வளவு காசு வர வேண்டும் என்பது வீட்டில் யாருக்கும் தெரிவதில்லை. தலைவர்மாரான நாமும் எடுத்துச் சொல்வதில்லை. சாவு வீட்டில் முதலில் கேட்க வேண்டிய கேள்வி "பேர் யாருக்கு?" என்பதல்ல. "பீ கார்டு எங்க இருக்கு?" என்பதுதான்.

செத்தவர் விட்டுப்போன நாலு காசு

தோட்டத் தொழிலாளி இறந்தால் குடும்பத்துக்கு வர வேண்டியவை நான்கு. விரல் விட்டு எண்ணிக்கொள்ளுங்கள்.

முதலாவது, ஈ.பி.எப். என்கிற ஊழியர் சேமலாப நிதி. 1958ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கச் சட்டம். தொழிலாளியின் சம்பளத்தில் நூற்றுக்கு 8, தோட்டம் போடுவது நூற்றுக்கு 12. ஒரு கணக்குக்காக நாட்சம்பளம் 1,350 ரூபாய், மாதம் 25 நாள் வேலை என்று வைப்போம். மாதச் சம்பளம் 33,750 ரூபாய். அதில் ஈ.பி.எப். கணக்கில் சேர வேண்டியது 6,750 ரூபாய், ஒரே மாதத்துக்கு. வட்டியும் உண்டு. கைக்காசு வேலைக்காரர்களுக்கும் வேலை தொடங்கிய நாளிலிருந்தே இது உண்டு, "பதிவு இல்லை, அதனால் ஈ.பி.எப். இல்லை" என்பது பொய்.

இரண்டாவது, ஈ.டி.எப். என்கிற ஊழியர் நம்பிக்கை நிதி. 1980ஆம் ஆண்டின் 46ஆம் இலக்கச் சட்டம். தொழிலாளி சம்பளத்தில் ஒரு சதமும் பிடிக்கமாட்டார்கள். தோட்டம் தன் கையிலிருந்து நூற்றுக்கு 3 போட வேண்டும். சேர்ந்த காசு ஒரு பக்கம். அது போக, அங்கத்தவர் வேலையில் இருக்கும்போது இறந்தால் குடும்பத்துக்கு ஒரு மரண நன்மையும் அந்தச் சபையில் உண்டு. இதைக் கேட்டுப் போகாமலேயே விட்டுவிடுகிற வீடுகள் எத்தனையோ. இறந்த கையோடு விண்ணப்பிக்க வேண்டும்.

மூன்றாவது, சேவைக்காலப் பணம். காகிதத்தில் பணிக்கொடை என்று இருக்கும். 1983ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டம். 15 பேருக்குக் குறையாமல் வேலை செய்யும் இடத்தில் 5 வருட சேவை முடித்தவருக்கு உண்டு. நாட்சம்பளக்காரருக்கு ஒவ்வொரு முழு வருடத்துக்கும் 14 நாள் சம்பளம், அதுவும் கடைசியாக வாங்கிய சம்பள வீதத்தில். ஆள் இறந்தாலும் அந்த உரிமை சாகாது, வாரிசுகளுக்குப் போகும். சட்டத்திலேயே அப்படி எழுதியிருக்கிறது. அதே 1,350 ரூபாயை வைத்துப் பாருங்கள். 14 நாளுக்கு 18,900 ரூபாய். 25 வருடத்துக்கு 4,72,500 ரூபாய். சேவை முடிந்து 30 நாளுக்குள் கொடுக்க வேண்டும். பிந்தினால் மேலதிகக் கட்டணமும் சேர்த்துக் கட்ட வேண்டும்.

நான்காவது, வேலையால் வந்த சாவுக்கு நட்ட ஈடு. 1934ஆம் ஆண்டின் 19ஆம் இலக்க வேலையாட்கள் நட்ட ஈட்டுக் கட்டளைச் சட்டம். மலையில் குளவி கொட்டிச் செத்தவர்கள், மரம் முறிந்து விழுந்து செத்தவர்கள், கொழுந்து ஏற்றிய லொறி கவிழ்ந்து செத்தவர்கள் இதில் வருவார்கள். 2022இல் வந்த திருத்தத்துக்குப் பிறகு வேலைக்குப் போகிற வழியிலும் வேலை முடிந்து வருகிற வழியிலும் நடக்கும் விபத்தும் சேர்ந்திருக்கிறது. இதற்கான கோரிக்கை கொழும்பில் உள்ள நட்ட ஈட்டு ஆணையாளரிடம் போக வேண்டும்.

இந்த நான்கில் ஒன்றுகூட யாருடைய கருணையும் இல்லை. துரை கொடுக்கும் உதவி இல்லை, சங்கம் வாங்கிக் கொடுக்கும் சலுகையும் இல்லை. உழைத்தவர் உயிரோடு இருக்கும்போதே சம்பாதித்து வைத்தது.

இன்னொரு சட்டத்தையும் சொல்லிவிடுகிறேன். நீதிமன்றக் கட்டளை இல்லாமல் தோட்டக் குடியிருப்பிலிருந்து ஒரு குடும்பத்தை வெளியேற்ற முடியாது. இதற்கென்று 1971ஆம் ஆண்டிலேயே ஒரு தனிச் சட்டம் வந்திருக்கிறது. ஆகவே, "நாளைக்கு பேர் போடாட்டி காம்பராவ விடு" என்று யாராவது வாயால் சொன்னால் அதற்குப் பயந்து பிள்ளையின் புத்தகத்தை மூட வேண்டாம். எழுத்தில் தரச் சொல்லுங்கள். தந்தால் அந்தக் கடிதத்தைச் சங்கத்துக்குக் கொண்டு வாருங்கள்.

காசு ஏன் வீடு வந்து சேருவதில்லை?

முதல் காரணம் பெயர். நம் ஆட்களுக்குப் பிறப்புச் சான்றிதழில் ஒரு பெயர், அடையாள அட்டையில் ஒரு பெயர், செக்ரோலில் இன்னொரு பெயர். முத்தம்மா, முத்தம்மாள், முத்துலெட்சுமி மூன்றும் ஒரே ஆளாக இருக்கும். அப்பா பெயரின் முதலெழுத்து ஒவ்வொரு காகிதத்திலும் மாறும். உயிரோடு இருக்கும்போது இதைத் திருத்துவது லேசு. சமாதான நீதவானிடம் சத்தியக் கடதாசி முடிக்கலாம், பதிவாளரிடம் போகலாம், அவரே கையெழுத்து வைக்கலாம். செத்த பிறகு பிள்ளைகள் நாலு கந்தோர் ஏறி இறங்க வேண்டும்.

இரண்டாவது, நியமித்தவர் பெயர். ஈ.பி.எப். படிவத்தில், நான் இறந்தால் காசு யாருக்கு என்று எழுதும் இடம் ஒன்று இருக்கிறது. பதினெட்டு வயதில் வேலைக்கு வந்தபோது அம்மா பெயரை எழுதியிருப்பார். அம்மா செத்து இருபது வருடமாகியிருக்கும். இவருக்குக் கல்யாணம் முடிந்து மூன்று பிள்ளைகள் இருக்கும். படிவம் அப்படியே கிடக்கும். அப்போது வாரிசு யார் என்று நிரூபிக்க வேண்டி வரும், சில நேரம் நீதிமன்றம் வரைக்கும் இழுக்கும். கல்யாணத்துக்குப் பிறகும், பிள்ளை பிறந்த பிறகும், வீட்டில் ஒரு சாவு விழுந்த பிறகும் அதை மாற்றி எழுதுங்கள். ஒருவருக்கு மேல் எழுதலாம், யாருக்கு எவ்வளவு பங்கு என்றும் பிரித்து எழுதலாம்.

இந்த இடத்தில் அக்காமாருக்குத் தனியாக ஒரு வார்த்தை. பல வீடுகளில் பேர் இருப்பது உங்களுக்குத்தான். ஆண்கள் வெளியே வேலைக்குப் போகிறார்கள், மலையில் கொழுந்து பறிப்பது நீங்கள். அப்படியானால் அந்த நாலு காசும் உங்கள் காசு. அது பிள்ளைகளின் படிப்புக்குப் போக வேண்டும் என்று நினைத்தால் யார் பெயரை எழுதுவது என்று நீங்கள் யோசித்து எழுதுங்கள். வீட்டில் பேசியே எழுதுங்கள். ஆனால் எழுதாமல் விடாதீர்கள்.

மூன்றாவது, பதியாத கல்யாணம். கோயிலில் தாலி கட்டி முப்பது வருடம் வாழ்ந்திருப்பார்கள். பதிவாளர் முன்னால் கையெழுத்து வைத்திருக்கமாட்டார்கள். கணவன் செத்ததும் அந்த அம்மா காகிதத்தில் யாருமில்லாதவர் ஆகிவிடுகிறார். பிள்ளையின் பிறப்புச் சான்றிதழிலும் அந்தக் குறை வரும். பிள்ளையைப் பாடசாலையில் சேர்க்க வரும்போது நான் இதை வருடா வருடம் பார்க்கிறேன். வயது போனவர்கள் வெட்கப்பட வேண்டாம், இப்போதும் பதியலாம்.

நான்காவது, நிலுவை. சம்பளச் சிட்டையில் ஈ.பி.எப். பிடித்ததாக இருக்கும், கணக்கில் போயிருக்காது. இது கம்பனித் தோட்டங்களிலும் நடக்கிறது, அரசுக்குரிய தோட்டங்களிலும் நடந்திருக்கிறது. சட்டத்தில் இதற்கு வழி உண்டு. பிந்திய ஈ.பி.எப். காசுக்குத் தாமதத்துக்கு ஏற்ப நூற்றுக்கு 5 முதல் 50 வரை மேலதிகக் கட்டணம் விழும். தொழில் திணைக்களம் நீதவான் நீதிமன்றத்துக்குப் போய் அறவிடலாம். ஆனால் முறைப்பாடு இருந்தால்தான் திணைக்களம் அசையும். ஆள் செத்த பிறகு கண்டுபிடிப்பதைவிட இருக்கும்போதே கணக்குக் கூற்றை எடுத்துப் பார்ப்பது நல்லது.

ஐந்தாவது, புதிதாக வந்திருக்கும் ஆபத்து. அவுட்குரோவர் என்று சொல்லிக் கொஞ்சம் தேயிலையைப் பிரித்துக் கொடுத்து, கொழுந்தைக் கிலோ கணக்கில் வாங்குகிறார்கள். கையில் கொஞ்சம் கூடுதலாகக் காசு வரலாம். ஆனால் தொழிலாளி என்ற கணக்கிலிருந்து பேர் போய்விட்டால் ஈ.பி.எப்., ஈ.டி.எப்., சேவைக்காலம் எல்லாம் அந்த நாளோடு நின்றுவிடும். நாளைக்கு அவர் மலையில் விழுந்து இறந்தால் இன்றைக்கு நாம் எண்ணிய நாலு விரலில் எதை மடக்குவது? கையெழுத்து வைப்பதற்கு முன்னால் இதைக் கேளுங்கள்.

தலைவர் செய்ய வேண்டிய வேலை

தோட்டத்தில் சாவு விழுந்தால் நாம் எல்லோரும் போய் நிற்கிறோம். கொட்டகை போடுகிறோம், குழி வெட்டுகிறோம், மரணாதார சங்கத்துக் காசை வாங்கிக் கொடுக்கிறோம். இது நம் பெருமை. வேறு இடத்தில் இப்படிப் பார்க்க முடியாது. அந்த ஒற்றுமையோடு இன்னும் சில வேலைகளைச் சேர்த்துக்கொள்ள வேண்டும்.

வேலையிடத்து விபத்து என்றால் அன்றைக்கே தொடங்குங்கள். எந்த மலை, எத்தனை மணி, கூட யார் யார் இருந்தார்கள் என்று எழுதி வையுங்கள். ஆஸ்பத்திரியில் அனுமதித்த துண்டு, மரண விசாரணை அறிக்கை, பிரேத பரிசோதனை அறிக்கை இவற்றைத் தொலைக்க வேண்டாம். குளவி கொட்டி இறந்தவரை "நெஞ்சுவலி" என்று மட்டும் எழுதிவிட்டால் நட்ட ஈடு கேட்கும்போது கஷ்டம். விசாரணையில் பேசப் போகும் சொந்தக்காரரோடு தலைவரும் போக வேண்டும்.

முதல் வாரத்தில் மரணச் சான்றிதழ். சில பிரதிகள் கூடுதலாக எடுங்கள், ஒவ்வொரு கந்தோரிலும் கேட்பார்கள். அடையாள அட்டை, கல்யாணப் பதிவு, பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழ், பீ கார்டு, கடைசிச் சம்பளச் சிட்டைகள் எல்லாவற்றையும் ஒரே பையில் போட்டு வையுங்கள்.

முதல் மாதத்தில் மூன்று விண்ணப்பம். ஈ.பி.எப். கோரிக்கை தொழில் திணைக்களக் கந்தோருக்கு. ஈ.டி.எப். கோரிக்கை அந்தச் சபைக்கு. சேவைக்காலப் பணம் கேட்டுத் தோட்ட முகாமையாளருக்கு ஒரு கடிதம். அந்தக் கடிதத்தின் பிரதியில் தோட்டக் கந்தோரின் முத்திரையும் திகதியும் வாங்குங்கள், அல்லது பதிவுத் தபாலில் அனுப்புங்கள். வாயால் கேட்டதற்கு சாட்சி இல்லை. முப்பது நாள் கழித்தும் காசு வரவில்லை என்றால் அந்தப் பிரதியோடு தொழில் கந்தோருக்குப் போகலாம்.

அதே மாதத்தில் இன்னொரு வேலையும் உண்டு. அந்த வீட்டுப் பிள்ளைகள் பாடசாலைக்கு வருகிறார்களா என்று பாருங்கள். வராவிட்டால் அதிபருக்கோ வகுப்பாசிரியருக்கோ சொல்லுங்கள். தோட்டத் தலைவரும் ஆசிரியரும் சேர்ந்து ஒரு வீட்டு வாசலில் நின்றால் அந்தத் தாய்க்கு ஒரு தைரியம் வரும். "பரீட்சை முடியிற வரைக்கும் பொறுப்போம், அதுக்குள்ள இந்தக் காசு வரும்" என்று சொல்ல ஆள் வேண்டும். துக்கத்தில் இருப்பவருக்கு அடுத்த வருடம் கண்ணுக்குத் தெரியாது. தெரிந்தவர்கள் பக்கத்தில் நின்று சொல்ல வேண்டும்.

சங்கம் கேட்க வேண்டியது

தலைவியின் கேள்விக்கு இப்போது நேராகப் பதில் சொல்கிறேன். செத்தவர் வேலையைப் பிள்ளைக்குக் கொடு என்று கேட்பதோடு நாம் நின்றுவிடக் கூடாது. அதைத் தோட்டம் சந்தோஷமாகக் கொடுக்கும். மலைக்கு ஆள் இல்லாமல் தவிக்கும் காலம் இது. நாம் கேட்க வேண்டியவை மூன்று.

ஒன்று, கூரையை வேலையிலிருந்து பிரிக்க வேண்டும். காணி உறுதியோடு சொந்த வீடு வேண்டும் என்று நாம் இத்தனை காலம் போராடுவது அழகுக்காக இல்லை. உறுதி கையில் இருந்தால் சாவு வீட்டில் "பேர் யாருக்கு?" என்ற கேள்வியே வராது.

இரண்டு, அரச ஊழியரின் விதவைக்கும் அநாதைக்கும் ஓய்வூதியம் வேண்டும் என்று 1898ஆம் ஆண்டிலேயே இந்த நாட்டுக்குத் தெரிந்திருந்தது. அந்த வருடமும் நம் பாட்டன் பூட்டன்மார் இந்த மலைகளில் கொழுந்து பறித்துக்கொண்டுதான் இருந்தார்கள். அந்த ஏற்பாடு தோட்டத் தொழிலாளி குடும்பத்துக்கும் ஏதாவது ஒரு வடிவில் வர வேண்டும். ஒரே தடவையில் வரும் காசு கடனுக்கும் காரியத்துக்கும் போய்விடும். மாதாமாதம் வருவதுதான் பிள்ளையைப் படிக்க வைக்கும்.

மூன்று, சேவைக்காலப் பணமும் நிலுவையும் இழுபடாமல் கொடுக்கப்பட வேண்டும். இறந்தவர்களின் கணக்கை ஒவ்வொரு தோட்டத்திலும் தனியாக எடுத்து நிர்வாகத்தோடு பேச வேண்டும்.

முதல் இரண்டும் பாராளுமன்றம் வரை போக வேண்டிய விஷயம். நாள் எடுக்கும். மூன்றாவது நம் கையில் இருக்கிறது. போன மூன்று வருடத்தில் உங்கள் தோட்டத்தில் யார் யார் வேலையில் இருக்கும்போது இறந்தார்கள், அவர்கள் வீட்டுக்கு இந்த நாலு காசில் எது வந்தது, எது வரவில்லை என்று ஒரு கொப்பியில் எழுதுங்கள். எழுதத் தெரியாத தலைவர்மார் வெட்கப்பட வேண்டாம். லயத்தில் படிக்கிற பிள்ளையைக் கூப்பிடுங்கள், சந்தோஷமாக எழுதித் தரும். கொப்பி கிடைத்தால் தொழில் கந்தோருக்குத் தேவையான கடிதங்களை எழுதுவது என் பொறுப்பு.

அடுத்த கூட்டத்துக்கு வரும்போது ஒவ்வொருவரும் உங்கள் சொந்தப் பீ கார்டையும் அடையாள அட்டையையும் கொண்டு வாருங்கள். இரண்டிலும் பெயர் ஒன்றாக இருக்கிறதா, நியமித்தவர் உயிரோடு இருக்கிறாரா என்று உட்கார்ந்து பார்ப்போம். ஊருக்குச் சொல்வதை நாம் முதலில் செய்து முடிப்போம்.